எழுதுகிற பிள்ளை இருக்கும் வீட்டுப் பெரியவர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள ஆச்சிகளுக்கும் தாத்தாக்களுக்கும், அத்தைமாருக்கும் சித்தப்பாமாருக்கும்,

வணக்கம்.

பொங்கல் நெருங்குகிறது. சென்னைப் பக்கம் போகியன்று பழசை எரிப்பார்கள். எங்கள் தெற்குச் சீமையில் பொங்கலுக்கு வெள்ளையடிக்கும்போது பரண் காலியாகும். தகரப் பெட்டிகள் இறங்கும். பத்திரம், பட்டா, ஜாதகம் எல்லாவற்றையும் தனியே எடுத்து வைப்பீர்கள். மிச்சத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, “இதெல்லாம் இனி யாருக்கு?” என்று கொஞ்சத்தைப் பழைய பேப்பர்க்காரரிடம் எடைக்குப் போடுவீர்கள், கொஞ்சத்தை அடுப்பில் போடுவீர்கள். அந்த மிச்சத்தைப் பற்றி உங்களிடம் பேச வேண்டும்.

நான் கதை எழுதுகிறவள். எங்கள் வீட்டுக் கதையை எழுதப்போய், என் அத்தையோடு இரண்டு வருஷம் பேச்சு வார்த்தை இல்லாமல் இருந்தவள். அதனால் இதை உங்களுக்கு எழுத எனக்குக் கொஞ்சம் உரிமையும், கொஞ்சம் கடனும் இருப்பதாக நினைக்கிறேன்.

என் தாத்தா கொழும்பில் கடையில் இருந்தவர். திருச்செந்தூர்ப் பக்கத்துத் தேரிக்காட்டு ஊர்களில் இது அதிசயமில்லை. தெருவுக்கு நாலு பேர் அப்படிப் போனவர்கள்தான். 1948-ல் இலங்கையில் குடியுரிமைச் சட்டம் வந்த பிறகு, இங்கிருந்து போன கடைக்காரர்கள் தற்காலிகத் தங்கும் அனுமதியை நம்பியே காலம் தள்ளினார்கள். அனுமதி நீட்டிக்கப்படாதவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பினார்கள். தாத்தாவும் அப்படித் திரும்பினார். எங்கள் வீட்டில் அதை இப்படிச் சொல்வார்கள்: “தாத்தா தனுஷ்கோடியில வந்து எறங்குன மறுநாளே புயல் அடிச்சு, எறங்குன தொறையையே கடல் கொண்டுபோயிட்டு.” சின்ன வயதில் இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மெய்சிலிர்க்கும். தாத்தா ஒரு காலைத் தரையில் வைத்ததும் பின்னாலேயே கடல் எழுந்து வருவதுபோல மனதில் ஒரு படம் இருந்தது.

தாத்தா காலமாகிப் பல வருஷம் கழித்து அவருடைய பாஸ்போர்ட் என் கைக்கு வந்தது. அவர் வந்து இறங்கிய முத்திரை 1964 ஆகஸ்ட். தனுஷ்கோடியைப் புயல் அழித்தது அதே வருஷம் டிசம்பர் 22-ம் தேதி இரவு. நடுவே நாலு மாதம்.

முதலில் எனக்கு ஏமாற்றமாக இருந்தது. அப்புறம்தான் யோசித்தேன். அந்த நாலு மாதத்தை ஒரே இரவாகச் சுருக்கியது யார்? ஏன்? துறையே இல்லை என்றால் தாத்தா திரும்பிப் போகவில்லையே என்று யாரும் கேட்க முடியாது. உண்மையில் தனுஷ்கோடி போன பிறகும் ராமேஸ்வரத்திலிருந்து இலங்கையின் தலைமன்னாருக்குக் கப்பல் ஓடியது. ஆனால் எங்கள் வீட்டுக்கு ஒரு புயல் தேவைப்பட்டது. தாத்தா அங்கே எதையோ விட்டுவிட்டு வந்தார். அதைப் பற்றிப் பேசாமல் இருப்பதற்கு அந்தப் புயலைக் கொண்டுவந்து குறுக்கே நிறுத்தினார்கள்.

பெரியவர்களே, எழுதுகிற பிள்ளை உங்கள் வீட்டு உண்மையை எடுத்துக் கதையாக்கிக் கெடுத்துவிடுகிறான் என்று வருத்தப்படுகிறீர்கள். அவன் பேனாவைத் தொடுவதற்கு முன்பே உங்கள் வீட்டில் கதை கட்டியாகிவிட்டது. கல்யாண வீட்டில் சொல்வதற்கு ஒன்று, பொண்ணு பார்க்க வந்தவர்களிடம் சொல்வதற்கு ஒன்று, துஷ்டி (சாவு) வீட்டில் திண்ணையில் உட்கார்ந்து மெதுவாகச் சொல்வதற்கு இன்னொன்று என்று ஒவ்வொரு வீட்டிலும் மூன்று கதையாவது இருக்கிறது. எழுத வருகிறவன் அந்தக் கதைகளுக்கு நடுவே உள்ள இடைவெளியைத்தான் முதலில் பார்க்கிறான். எனக்கு அது நாலு மாத இடைவெளியாகக் கிடைத்தது.

கி. ராஜநாராயணனின் ‘கோபல்ல கிராமம்’ 1976-ல் வந்தது. தெலுங்கு தேசத்திலிருந்து பெண்ணைக் காப்பாற்றிக்கொண்டு தெற்கே ஓடிவந்த தன் முன்னோர்களின் கதையை, கரிசல் காட்டுப் பெரியவர்கள் வாய்மொழியாகச் சொல்லி வந்ததை, அவர் அந்த நாவலில் வைத்தார். துரத்துகிறவர்கள் பின்னால் வருகிறார்கள், முன்னால் ஆறு. அப்போது கரையில் நின்ற மரம் வளைந்து கொடுத்து அவர்களை அக்கரை சேர்க்கிறது. படித்த மனிதர் ஒருவர் இதை எழுதும்போது, மரமாவது வளைவதாவது என்று அதை வெட்டியிருக்கலாம். ‘பாலம் போட்டுக் கடந்திருப்பார்கள்’ என்று திருத்தியிருக்கலாம். அவர் இரண்டையும் செய்யவில்லை. முதியவளான மங்கத்தாயாரு அம்மாள் சொல்லும் கதையில் அந்த மரத்தை அப்படியே வளையவிட்டார். உயிர் பிழைத்ததை நம்ப முடியாத ஒரு கூட்டம், பிழைத்ததற்கு ஒரு காரணத்தை எப்படிச் சொல்லிக்கொண்டது என்பது அந்த மரத்தில்தான் இருக்கிறது. எங்கள் வீட்டுப் புயலும் அந்த மரமும் ஒரே சாதி என்று நான் பின்னால் புரிந்துகொண்டேன். ஆவணத்தை வைத்து அதைப் பொய் என்று நிரூபித்துவிட்டுப் போவது சுலபம். எந்தப் பயம் அந்தப் பொய்யைக் கேட்டது என்று தேடுவதில்தான் எழுதுகிறவனின் வேலை தொடங்குகிறது.

நாங்கள் உங்களைப் பழிவாங்க எழுதுகிறோம் என்று சிலர் நினைக்கிறீர்கள். சுந்தர ராமசாமியின் ‘குழந்தைகள் பெண்கள் ஆண்கள்’ நாவலைப் பாருங்கள். 1930-களின் கடைசியில் கோட்டயத்தில் வாழ்ந்த ஒரு குடும்பம். அவருடைய சொந்தக் குடும்பமும் அங்கே இருந்ததுதான். நாவலில் எஸ்.ஆர்.எஸ். என்ற அப்பா வருகிறார். பிள்ளை பாலு அவரைக் கண்டு நடுங்குகிறான். நாவல் வெளிவந்தது 1998-ல். எழுதியவருக்கு வயது அறுபதைத் தாண்டிவிட்டது. அப்பாவிடம் பயந்த சிறுவன் கணக்குத் தீர்க்க உட்கார்ந்திருந்தால் இருபத்தைந்து வயதிலேயே எழுதியிருப்பான். அத்தனை வருஷம் ஆனதால்தான் அந்த அப்பா எவ்வளவு தனியாக இருந்தார் என்பதும் பக்கங்களுக்குள் வந்தது. உங்கள் பிள்ளை உங்களைப் பற்றி இப்போது கோபமாக எதையாவது எழுதியிருந்தால், அது அவனுடைய கடைசி வார்த்தை என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

சரி, என் கதைக்கு வருகிறேன்.

கொழும்பில் தாத்தாவுக்கு ஒரு குடும்பம் இருந்தது. ஒரு மனைவி, ஒரு பெண் குழந்தை. வீட்டில் யாரும் இதை வாய்விட்டுச் சொன்னதில்லை. எனக்கு அரைகுறையாகத் தெரியும். முழுசாகக் கேட்கத் தைரியமில்லை. கேட்காமலே எழுதினேன். கொழும்பை ரங்கூன் ஆக்கினேன், பலசரக்குக் கடையை ஜவுளிக்கடை ஆக்கினேன், ஊர்ப்பெயரை மாற்றினேன். ஆச்சியை மட்டும் மாற்ற மனம் வரவில்லை. தோளில் இடிக்கும் பாம்படக் காதணியும், யோசிக்கும்போது அதை விரலால் தாங்கிப் பிடித்துக்கொள்ளும் பழக்கமுமாக அப்படியே வைத்தேன். கதையில் தபால்காரர் வருவார். தாத்தா திண்ணையில் உட்கார்ந்து கடிதத்தைப் படித்துவிட்டுத் தலையணைக்கு அடியில் வைப்பார். எழுத்து தெரியாத ஆச்சி, என்ன ஏது என்று அறியாமல், அந்தத் தலையணையைத் தினமும் வெயிலில் காயப்போட்டு எடுத்து வைப்பாள். ஒரு சிற்றிதழில் வந்தது. படித்தவர்கள் ஆச்சியை நினைத்து அழுததாகச் சொன்னார்கள். எனக்குப் பெருமையாக இருந்தது.

அத்தை பேச்சை நிறுத்திவிட்டாள். போன் போட்டால் எடுக்க மாட்டாள். ரகசியம் வெளியே வந்துவிட்ட கோபம் என்று நான் நினைத்தேன். இலக்கியம் என்றால் இப்படித்தான், சிலர் புண்படத்தான் செய்வார்கள் என்று எனக்கு நானே சமாதானமும் சொல்லிக்கொண்டேன்.

இரண்டு வருஷம் கழித்து ஒரு சடங்கு வீட்டில், பந்தி முடிந்து எல்லோரும் அசந்த மத்தியான நேரத்தில், அத்தை என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“ஏட்டி, எங்க அம்மைய ஒண்ணும் தெரியாதவளா ஆக்கிட்டியே” என்றாள்.

எனக்குப் புரியவில்லை.

“அந்த விஷயத்த எழுதுனது இல்லட்டி எனக்கு. செத்தவங்க விஷயம், போட்டும். எங்கம்மைக்குத் தெரியாதுன்னு எழுதுனிய, அதான் ஆறல. அவளுக்கு எல்லாந் தெரியும். அங்க இருந்து கடுதாசி வந்தா அவதான் வாங்குவா. பதில் அவ சொல்லச் சொல்ல நாந்தான் எழுதுவேன். எனக்கு அப்பம் பன்னெண்டு வயசு.”

அத்தைக்குக் கல்யாணமாகிப் போன பிறகும், அம்மா வீட்டுக்கு வரும்போதெல்லாம் கதவைச் சாத்திக்கொண்டு இருவரும் எழுதியிருக்கிறார்கள். என்ன எழுதுவீர்கள் என்று கேட்டேன். இங்கே மழை பெய்ததா இல்லையா, கருப்பட்டி என்ன விலை, அவருக்கு இருமல் எப்படி இருக்கிறது, பிள்ளை பள்ளிக்கூடம் போகிறாளா. ஒரு கடிதத்தில் ஆச்சி கேட்கச் சொன்னாளாம்: பிள்ளைக்குக் காது குத்தியாச்சா?

தோள்வரை காது வளர்த்த ஒரு பெண்பிள்ளை, கடலுக்கு அந்தப் பக்கம் தன் புருஷனுக்குப் பிறந்த குழந்தையின் காதைப் பற்றிக் கேட்கிறாள். நான் எத்தனை கதை எழுதினாலும் இப்படி ஒரு வரியை என்னால் யோசித்துக் கொண்டுவர முடியாது.

1983 ஜூலையில் கொழும்பில் தமிழர்களின் வீடுகளும் கடைகளும் எரிந்தன. அப்போது எனக்கு எட்டு வயது. தாத்தா ரேடியோவைக் காதோடு சேர்த்து வைத்திருந்தது நினைவிருக்கிறது. அந்த ஆடியில் கோயில் கொடைத் திருவிழாவுக்கு ஆச்சி வரவில்லை. உடம்புக்கு முடியவில்லை என்றார்கள். கதை எழுதும்போது இதுவும் ஞாபகம் வந்தது. தாத்தாவின் சோகத்துக்கு இது எதற்கு என்று விட்டுவிட்டேன். “மூணு கடுதாசி போட்டோம். ஒண்ணுக்கும் பதில் வரல” என்றாள் அத்தை. நான் வேண்டாம் என்று விட்ட அந்த ஒரு நினைவில்தான் முழுக் கதையும் இருந்திருக்கிறது.

கடிதங்கள் எங்கே என்று கேட்டேன். ஆச்சி காலமான வருஷம், பொங்கலுக்கு வெள்ளையடிக்கும்போது, அத்தையே அவற்றை வெந்நீர் அடுப்பில் போட்டுவிட்டாளாம். “யாரு படிக்கப்போறான்னு நெனச்சேன்” என்றாள். அவள் மேல் எனக்கு ஒரு குறையும் இல்லை. அந்தப் பெட்டியில் என்ன இருக்கிறது என்று ஒருநாளும் கேட்காதவள் நான்.

இதில் என் தப்பை நான் மறைக்கவில்லை. பாதி தெரிந்ததை வைத்துக்கொண்டு, மீதியை என் கற்பனையால் நிரப்பினேன். அந்தக் கற்பனை ஏற்கனவே எல்லோரும் எழுதிவைத்த ஏமாந்த மனைவியை எடுத்துக்கொண்டு வந்தது. எங்கள் ஆச்சி அப்படிப்பட்டவள் இல்லை. கற்பனை இல்லாமல் இலக்கியம் இல்லை என்பது சரிதான். ஆனால் கேட்டுத் தெரிந்துகொள்ளச் சோம்பல்பட்ட இடத்தில் கற்பனையை வைத்தால், அது பழகின முகங்களையே கொண்டுவருகிறது. வீட்டில் நீங்கள் வாய் திறக்காதபோதும், நாங்கள் கேட்காதபோதும் இதுதான் நடக்கும். யாருடைய மானத்தைக் காப்பாற்ற நினைத்தீர்களோ அவர்களே கதையில் சின்னவர்களாகிப் போவார்கள்.

உங்கள் பயங்களும் எனக்குத் தெரியும். வீட்டில் வரன் பார்க்கும் பெண் இருக்கிறாள். பங்காளிகளோடு வழக்கு நடக்கிறது. இறந்தவர் பெயரில் ஊரில் கல்வெட்டு இருக்கிறது. இந்த நேரத்தில் இவன் எழுதினால் என்ன ஆகும் என்ற கேள்வி நியாயமானது. ஊரையும் தொழிலையும் மாற்றிவிட்டால் யாருக்கும் தெரியாது என்று எழுதுகிறவர்கள் சொல்வதை நம்ப வேண்டாம். தெரிந்தவர்களுக்குத் தெரியும். ஒரு பாம்படம் போதும். அதனால் எழுதுகிறவர்களிடமும் நான் சொல்லி வருகிறேன்: உயிரோடு இருக்கிறவரைப் பற்றி எழுதினால், அச்சுக்குப் போகும் முன் அவரிடம் படித்துக் காட்டுங்கள். நேற்று நடந்த துக்கத்தை நாளைக்கே கதையாக்காதீர்கள். குழந்தைகளின் விஷயத்தை அவர்கள் வளரும்வரை தொடாதீர்கள்.

ஆனால் எல்லாவற்றுக்கும் உங்கள் அனுமதி கிடைத்த பிறகுதான் எழுத வேண்டும் என்று நீங்கள் கேட்டால், அதை என்னால் ஒப்புக்கொள்ள முடியாது. தலித் எழுத்தாளர் பாமா தன் வாழ்க்கையை எழுதிய ‘கருக்கு’ 1992-ல் வந்தபோது அவருடைய ஊர்க்காரர்களே முதலில் கோபப்பட்டார்கள். சில மாதங்கள் அவரால் ஊருக்குள் போக முடியவில்லை. தங்கள் வறுமையையும் பட்ட அவமானத்தையும் அச்சில் பார்ப்பது அவர்களுக்கு எவ்வளவு வலித்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். அவர் ஒவ்வொரு வீட்டுக் கதவையும் தட்டிச் சம்மதம் வாங்கக் காத்திருந்தால் அந்தப் புத்தகம் வந்திருக்காது. கவிஞர் சல்மா திருமணத்துக்குப் பிறகு வீட்டுக்குத் தெரியாமல், வேறு பெயரில் எழுதினார். பெண்கள் வீட்டுக்குள் வாழ்ந்த வாழ்க்கை ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’ என்ற அவருடைய நாவலாக வெளியே வந்ததும் யாருடைய சம்மதத்தாலும் இல்லை. வீட்டில் கீழே இருந்தவர்கள் எழுதுவதற்கும், என்னைப்போல் செல்லமாக வளர்ந்த பேத்தி எழுதுவதற்கும் ஒரே விதி வைக்க முடியாது. அடி வாங்கியவரிடம் போய், அடித்தவரைக் கேட்டுவிட்டு எழுது என்று எப்படிச் சொல்வது?

என் வேண்டுகோள் இவ்வளவுதான். பரணிலிருந்து இறங்கும் பெட்டியை எரிப்பதற்கு முன் ஒரு வாரம் திண்ணையில் வையுங்கள். மொய் நோட்டை எடைக்குப் போடாதீர்கள். யார் ஐந்து ரூபாய் எழுதினார்கள், யார் ஒரு மரக்கால் அரிசி கொண்டுவந்தார்கள், எந்தச் சொந்தக்காரர் பெயர் ஒரு வருஷத்திலிருந்து திடீரென்று காணாமல் போகிறது என்பதில் ஒரு நாவலே இருக்கிறது. கடைச் சிட்டை, புரோநோட்டு, பள்ளிக்கூடச் சான்றிதழ், ஆஸ்பத்திரிச் சீட்டு எதுவானாலும் இருக்கட்டும். பூமணி ‘அஞ்ஞாடி’ நாவலை எழுதியபோது கழுகுமலை, சிவகாசிக் கலவரங்களைப் பற்றிய பழைய ஆவணங்களைத் தேடிப் படித்தார். நூறு வருஷத்துக்கு முந்தைய கலவரத்துக்கு அரசாங்கத்தில் காகிதம் இருக்கிறது. உங்கள் அம்மா சொல்ல நீங்கள் எழுதிய கடிதத்துக்கு உங்கள் பரணைத் தவிர வேறு இடம் கிடையாது.

போட்டோக்களுக்குப் பின்னால் பென்சிலால் பெயர் எழுதுங்கள். பெயரோடு நிறுத்தாதீர்கள். ஸ்டூடியோவில் கட்டியிருக்கும் கைக்கடிகாரம் யாரிடம் இரவல் வாங்கியது, கழுத்தில் கிடக்கும் சங்கிலி மறுவாரம் எந்தக் கடையில் அடகுக்குப் போனது என்பதையும் எழுதுங்கள். எழுதுகிற பிள்ளைக்கு வேண்டியது அதுதான். உங்கள் வீட்டு அந்தரங்கத்தைவிட, அரிசியை எந்தப் படியால் அளந்தீர்கள், சண்டை போட்ட அன்று என்ன குழம்பு வைத்தீர்கள் என்பதுதான் அவனுக்கு அதிகம் உதவும். உ.வே. சாமிநாதையர் தன் வாழ்க்கையைச் சொல்ல வந்தபோது தன்னிலிருந்து தொடங்கவில்லை. முதல் அத்தியாயத்தில் ஊரைப் பற்றிச் சொல்லி, அடுத்ததில் முன்னோர்களைப் பற்றிச் சொல்லி, அதற்குப் பிறகுதான் தன்னிடம் வந்தார். அவருக்கு அதையெல்லாம் சொல்லிக் கொடுக்க வீட்டில் ஆட்கள் இருந்தார்கள்.

பேசுவதற்குக் கூச்சமாக இருந்தால், பேத்தியைச் செல்போனில் பதிவுசெய்யச் சொல்லிவிட்டுக் கீரை ஆய்ந்துகொண்டே பேசுங்கள். முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாதது கைவேலை நடக்கும்போது தானாக வரும். என் அத்தை அப்படித்தான் பேசுகிறாள்.

அந்தக் கதையை நான் மறுபடி முதலிலிருந்து எழுதிக்கொண்டிருக்கிறேன். இந்தத் தடவை ரங்கூன் இல்லை, கொழும்புதான். தபால்காரர் கடிதத்தை ஆச்சியின் கையில் கொடுக்கிறார். எழுதிய மட்டும் அத்தைக்கு இரவில் போனில் படித்துக் காட்டுகிறேன். நீல மை இல்லை, கறுப்பு மை என்கிறாள். சாத்திய கதவுக்குத் தாழ்ப்பாளே கிடையாது, அம்மி கல்லை அண்டக் கொடுத்தோம் என்கிறாள். புயல் கதையைக் கட்டியது யார் என்று ஒருநாள் கேட்டேன். “அதுவும் எங்கம்மைதான்” என்றாள்.

போன வாரம், கொழும்புக் குழந்தையின் பெயர் ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டேன். அத்தை கொஞ்ச நேரம் பேசவில்லை. போனில் முறத்தின் சத்தம் மட்டும் கேட்டது.

“இருக்கு. ஆனா அத மட்டும் சொல்ல மாட்டேன்ட்டி. அவ எங்கயாவது உசிரோட இருப்பா. அவ பேரு அவளுக்கு” என்றாள்.

கதையில் அந்தப் பிள்ளைக்கு நான் பெயர் வைக்கவில்லை.

அன்புடன்,
அந்த அத்தையின் மருமகள்